கொத்தனார் கட்டிய புட்டிங்

கொத்தனாரைக் கட்டிக்கொண்டவள் வீட்டுக் கூரை ஒழுகாது என்று நினைக்கிறவர்கள் ஒரு மழைநாளில் எங்கள் வீட்டுக்கு வந்து பார்க்க வேண்டும். ஊரார் வீட்டுச் சுவரெல்லாம் நூல் பிடித்த மாதிரி நிற்கும். எங்கள் வீட்டுக்கு மட்டும் "அடுத்த வாரம் பாத்துக்கலாம்." அந்த மனுஷன் வேலை முடிந்து வந்ததும் சாமான் பையை மாடிப்படிக்கு அடியில் போடுவார். பையில் அடங்காததைப் படியிலேயே சாத்திவைப்பார். எடுத்து ஓரமாக வையுங்கள் என்று சொல்லிச் சொல்லி என் வாய்தான் தேய்ந்தது. அந்த ஞாயிற்றுக்கிழமை காலை, மாடியில் துணி காயப்போட்டுவிட்டு இறங்கி வந்தவள், அப்படிச் சாத்தியிருந்த ரசமட்டத்தில் கால் இடறிக் கீழே வந்து விழுந்தேன். ஒரு சுவர் நேராக இருக்கிறதா, கோணலாக இருக்கிறதா என்று பார்ப்பதற்காகவே செய்த கருவி அது. அதுதான் என்னைக் கோணலாக்கியது.

வலது மணிக்கட்டில் மெல்லிய விரிசல் என்றார் டாக்டர். எலும்புப் படத்தை வெளிச்சத்தில் பிடித்துக் காட்டினார். என் வீட்டுக்காரர் கிட்டே போய்க் கண்ணைச் சுருக்கிப் பார்த்தார்.

"முடி மாதிரி ஏர் கிராக்தாங்க டாக்டர். உள்ள போகல. பூசிட்டா போதும்."

டாக்டர் அவரை ஒரு பார்வை பார்த்துவிட்டு எனக்கு மாவுக்கட்டுப் போட்டார். போட்டு முடிக்கும்வரை என் வீட்டுக்காரர் பக்கத்திலேயே நின்று, "இந்த ஓரம் கொஞ்சம் மட்டமில்ல," என்று சொல்லிக்கொண்டிருந்தார். மாவுக்கட்டின் மேல் தண்ணீர் படாமல் பார்த்துக்கொள்ளச் சொல்லி டாக்டர் அனுப்பிவைத்தார். வழியெல்லாம் அதே புலம்பல்.

"பூச்சுல தண்ணி படக்கூடாதாம்! தண்ணி ஊத்தாத பூச்சு எங்கயாவது நிக்குமா? இவர் எங்க படிச்சாரோ."

"வாய மூடிக்கிட்டு வாங்க," என்றேன். எனக்கு அழுகை வந்துகொண்டிருந்தது. வலி ஒரு பக்கம் இருக்கட்டும். மறுநாள் காலை நான் ஒரு தட்டு நிறைய இனிப்பு செய்து எடுத்துக்கொண்டு போயாக வேண்டும். அதற்குத்தான் அழுதேன்.

நான் ஒரு காபிக்கடையில் தரை துடைக்கிறவள். கடை திறப்பதற்கு முன்னால் ஒரு தடவை, கூட்டம் குறையும்போதெல்லாம் ஒவ்வொரு தடவை, மூடும்போது ஒரு தடவை. வருஷக்கணக்காக இதே வேலை. போன வாரம் அங்கே இனிப்பு செய்துகொண்டிருந்த பெண் புருஷனோடு வேறு ஊருக்குப் போய்விட்டாள். இனிமேல் எல்லாவற்றையும் பேக்கரியில் வாங்கிவிடலாம் என்று முதலாளியம்மா கணக்கரிடம் பேசிக்கொண்டிருந்தது என் காதில் விழுந்தது. மாப்பைச் சுவரில் சாத்திவிட்டுக் கேட்டேவிட்டேன்.

"அம்மா, நான் செஞ்சு கொண்டு வரட்டுமா?"

"நீயா?" என்றார் முதலாளியம்மா. கெட்ட மனுஷி இல்லை. ஆனால் அந்த 'நீயா' எனக்குச் சுருக்கென்று இருந்தது. கொஞ்சம் யோசித்துவிட்டு அவரே சொன்னார்: "சரி. திங்கட்கிழமை காலைல ஒரு தட்டு செஞ்சு கொண்டு வா. நல்லா இருந்தா அடுப்படி உனக்கு. இல்லன்னா அன்னைக்கே பேக்கரிக்காரர் வர்றார், அவர்கிட்ட பேசி முடிச்சிடுவேன். அப்புறம் என்னைக் குறை சொல்லக் கூடாது."

என்ன செய்வது என்று எனக்கு முன்பே தெரியும். அந்தக் கடையில் ஒவ்வொரு காபியோடும் சாசரில் ஒரு சாக்லேட் க்ரீம் பிஸ்கட் வைப்பார்கள், கறுப்பாக இரண்டு வில்லை, நடுவில் வெள்ளை க்ரீம். உடைந்ததை வைக்கமாட்டார்கள், அது டின் அடியிலேயே கிடக்கும். டோஸ்ட்டுக்கு அறுத்த ரொட்டியில் இரண்டு முனையும் மிஞ்சும். இரண்டையும் குப்பையில் கொட்டுவது என் வேலை. வயிறு எரியும். ஒருநாள் கேட்டு வாங்கி வீட்டுக்குக் கொண்டுவந்து பிரெட் புட்டிங் செய்து பார்த்தேன். பிறகு அதுவே பைத்தியமாகிவிட்டது. பாதி பிஸ்கட்டைப் பாலில் ஊறவிட்டுக் கரைக்க வேண்டும், மீதிப் பாதியைப் பெரிய துண்டாகவே ரொட்டிக்கு நடுவே சொருக வேண்டும், க்ரீமை மட்டும் தனியாகச் சுரண்டி வெண்ணெயோடு குழைத்து ரொட்டியில் தடவ வேண்டும். இந்தச் சூட்சுமங்களை எல்லாம் நானே கண்டுபிடித்தேன். எனக்கு வேறு சொத்து கிடையாது.

இப்போது அந்தச் சொத்து மாவுக்கட்டுக்குள் தொங்கிக்கொண்டிருந்தது.

"சொல்லு, நான் செய்றேன்," என்றார் வீட்டுக்காரர்.

"நீங்களா?" என்றேன். முதலாளியம்மாவின் 'நீயா' இதற்குப் பக்கத்தில் கொஞ்சல். இந்த மனுஷனுக்கு வெந்நீர் வைக்கத் தெரியாது.

"ரசமட்டத்தைப் படியில வச்சது யாரு?"

"நீங்கதான்."

"நீ பாத்து வந்திருக்கணும். சரி, அதை விடு. என்ன கலவை, என்ன விகிதம், அதை மட்டும் சொல்லு."

வேறு வழியில்லை. மதியம் சாப்பாடு முடிந்ததும் அடுப்படியில் ஒரு நாற்காலியைப் போட்டு உட்கார்ந்தேன். "இன்னைக்கு நான் மேஸ்திரி, நீங்க சித்தாள். சொன்னதை மட்டும் செய்யணும்," என்றேன். அவர் கையைக் கழுவி, சட்டைக் கையை மடித்துவிட்டுக்கொண்டு நின்றார். பிஸ்கட்டை உடைக்கச் சொன்னேன்.

"முக்கால் இன்ச் ஜல்லியா, அரை இன்ச்சா?"

"கடிச்சா வாயில தெரியற மாதிரி."

"அளவு சொல்லு."

"முக்கால்!" என்று கத்தினேன். எல்லாத் துண்டும் அளந்துவைத்த மாதிரி முக்கால் அங்குலத்தில் வந்தது. முட்டையை ஓரத்தில் தட்டினார், செங்கல்லை இரண்டாக்குகிற அதே தட்டு. ஓடு ஒரு துளிகூட உள்ளே விழவில்லை. ரொட்டியை அடுக்குவதற்கு முன்னால் ஒவ்வொரு துண்டையும் பாலில் முக்கி எடுத்தார். நான் இன்னும் சொல்லவேயில்லை.

"யார் சொன்னா அதை நனைக்க?"

"கல்லை நனைக்காமக் கட்டினா அது சாந்துல இருக்கிற ஈரத்தை உறிஞ்சிடும். இதுகூடத் தெரியாதா?"

சரியாகத்தான் சொன்னார். எனக்கு எரிச்சலாக இருந்தது. முதல் வரிசை போட்டு, க்ரீமைத் தடவி, ஜல்லியைத் தூவி, இரண்டாம் வரிசைக்கு வந்ததும் ஒரு ரொட்டித் துண்டை எடுத்து நடுவில் வெட்டினார்.

"ஏன் வெட்டுறீங்க?"

"கீழ ஜாயின்ட் இங்க வருது. மேலயும் இங்கயே வந்தா நேர் வெடிப்பு விடும். அரைக்கல் வச்சு ஆரம்பிக்கணும்."

"புட்டிங்குல யாரு குடியிருக்கப் போறா?"

"குடியிருந்தா என்ன, சாப்பிட்டா என்ன. கட்டுமானம் கட்டுமானம்தான்."

மூன்றாம் வரிசை முடிந்ததும் திடீரென்று வெளியே போனார். கையில் எதையோ பின்னால் மறைத்துக்கொண்டு வந்தார். பார்த்தால் ரசமட்டம். துடைத்திருந்தார், அதை ஒப்புக்கொள்கிறேன். அதை ரொட்டிமேல் வைக்கக் குனிந்தபோது நான் போட்ட சத்தத்தில் பக்கத்து வீட்டு ஜன்னல் திறந்தது.

"மேஸ்திரிங்க இவ்ளோ கத்தமாட்டாங்க," என்று முணுமுணுத்துக்கொண்டே அதை வெளியே கொண்டுபோய் வைத்தார்.

கடைசியில் பெரிய தட்டில் வெந்நீர் ஊற்றி, அதற்குள் புட்டிங் தட்டை வைத்து, ஓவனில் ஏற்றச் சொன்னேன். அவர் நின்றுவிட்டார்.

"தண்ணி எதுக்கு?"

"தண்ணி இருந்தாத்தான் மெத்துனு இருக்கும். இல்லன்னா காஞ்சு வெடிச்சிரும்."

அவர் முகத்தில் அப்படி ஒரு வெளிச்சம்! இத்தனை வருஷக் குடித்தனத்தில் நான் சொன்ன ஒரு வார்த்தைக்கு அவர் அவ்வளவு மரியாதையாகத் தலையாட்டியது அன்றைக்குத்தான். எனக்குப் பெருமையாகக்கூட இருந்தது. அந்தத் தலையாட்டலுக்கு என்ன அர்த்தம் என்று நான் அப்போதே கேட்டிருக்க வேண்டும்.

வெந்து வந்ததைக் குனிந்து பார்த்தேன். ஓரமெல்லாம் பொன்னிறம், நடுவில் கறுப்புத் துண்டுகள் தலைநீட்டிக்கொண்டு நின்றன. வீடு முழுக்கச் சாக்லேட் வாசனை. ஒரு மூலையில் ஸ்பூனால் கொஞ்சம் எடுத்துத் தின்றோம். என் கையால் செய்ததைவிட நன்றாக இருந்தது. அதை அவரிடம் சொல்லவில்லை. சொன்னால் தலைகால் தெரியாது. மூடிவைத்துவிட்டு, டாக்டர் கொடுத்த மாத்திரையைப் போட்டுக்கொண்டு நிம்மதியாகப் படுத்தேன்.

விடிந்ததும் அடுப்படியில் தண்ணீர் ஊற்றுகிற சத்தம் கேட்டு எழுந்து போனேன். வீட்டுக்காரர் கையில் செம்போடு நின்றிருந்தார். புட்டிங் தட்டைப் பார்த்தேன். முதலில் எனக்கு ஒன்றும் புரியவில்லை. மீதியிருந்த வெள்ளை க்ரீமைத் திரித்து, புட்டிங்கின் மேல் நீளவாக்கிலும் குறுக்கிலும் வரப்புக் கட்டியிருந்தார். சின்னச் சின்னப் பாத்திகள். ஒவ்வொரு பாத்தியிலும் தண்ணீர் தளதளவென்று நின்றது. புதிதாகப் போட்ட கான்கிரீட் தளம் வெடிக்காமல் இறுகுவதற்குச் செய்வார்களே, அதேதான்.

"என்ன பண்ணி வச்சிருக்கீங்க?" என்றேன்.

"காலைல எந்திரிச்சுப் பாத்தேன். மேல ரெண்டு மூணு இடத்துல வெடிப்பு விட ஆரம்பிச்சிருக்கு. நல்லவேளை, நேரத்துல பாத்துட்டேன். இன்னும் கொஞ்ச நேரம் தண்ணி நிக்கட்டும், கல்லு மாதிரி ஆயிடும்."

"கல்லு மாதிரி எதுக்கு ஆகணும்? அதை யாராவது திங்கணும்!"

"நீதானே சொன்ன? தண்ணி இருந்தாத்தான் வெடிக்காதுன்னு?"

"அது வேகும்போது! அடியில!"

"அடியில இருந்தா என்ன, மேல இருந்தா என்ன, தண்ணி தண்ணிதானே?"

உட்கார்ந்து அழுதேன். அழுதுகொண்டே திட்டினேன். என்னென்ன திட்டினேன் என்று இங்கே எழுத முடியாது, அவரைப் பெற்றவர்கள் வரைக்கும் போனேன். அவர் தட்டைச் சாய்த்துத் தண்ணீரை வடித்தார். பழுப்பாக ஓடியது. அதற்குள் ரொட்டி வேண்டிய மட்டும் குடித்துவிட்டது. வேறு செய்யலாம் என்றால் வீட்டில் ரொட்டி இல்லை, நேரமும் இல்லை. ஓவனில் திரும்ப வைத்து முடிந்தவரை ஈரத்தை இழுக்கவிட்டு, அதையே எடுத்துக்கொண்டு கிளம்பினோம். எனக்கு ஒரு கைதானே, தட்டை அவர் பிடித்துக்கொண்டு வந்தார். வழியில் நான் முன்னால் நடந்தேன். அவர் பின்னாலிருந்து, "தண்ணி நல்ல தண்ணிதான், குடிக்கிற தண்ணி," என்றார். நான் திரும்பிப் பார்த்த பார்வையில் அதோடு நிறுத்திக்கொண்டார்.

முதலாளியம்மா கடையின் அடுப்படியில் இருந்தார். காபி போடுகிற பெண்ணும் பக்கத்தில் நின்றாள். என் கையைப் பார்த்துப் பதறி விசாரித்துவிட்டு, தட்டைத் திறந்து ஒரு ஸ்பூன் எடுத்தார். ஸ்பூன் சத்தமே இல்லாமல் உள்ளே போயிற்று. வாயில் வைத்தார். முதலாளியம்மா யாரையும் முகத்துக்கு நேரே குறை சொல்லமாட்டார், சுற்றி வளைப்பார்.

"ம். ரொம்ப… சாஃப்டா இருக்கு."

காபி போடுகிற பெண் வேறு பக்கம் திரும்பிக்கொண்டாள்.

"இதை நீதானே செஞ்ச?" என்று கேட்டார் முதலாளியம்மா.

நான்தான் என்று சொன்னால் அடுப்படி போயிற்று. இவர்தான் என்று சொன்னால் பிழைக்க ஒரு வழி உண்டு. நியாயப்படி சொல்லவும் வேண்டும். வழியெல்லாம் நான் மனதுக்குள் ஒத்திகை பார்த்துக்கொண்டு வந்ததும் அதைத்தான். ஆனால் பக்கத்தில் அந்த மனுஷன் இஸ்திரி போட்ட சட்டையும், நகக்கண்ணில் சிமென்ட்டுமாக, தட்டை இரண்டு கையாலும் ஏந்திக்கொண்டு நிற்கிறார். எனக்கு நாக்கு எழவில்லை. எனக்கு நாக்கு எழாத நாள் என்று ஒன்று இருந்ததாக நினைவே இல்லை.

"தப்பு என்னுதுங்க," என்றார் அவர்.

நான் திரும்பிப் பார்த்தேன்.

"இவ சொன்னபடிதான் கட்டினேன். நேத்து நல்லா இருந்துச்சுங்க, சாப்பிட்டுப் பாத்தோம். காலைல நான்தான் இவளைக் கேக்காம பாத்தி கட்டித் தண்ணி ஊத்திட்டேன். இவ மேல ஒரு தப்பும் இல்ல. கையில அடிபட்டதும் என்னாலதான்."

இந்த மனுஷன் கட்டிய எந்தச் சுவர் வெடித்தாலும் அது மணலின் குற்றம். மணல் இல்லையென்றால் வெயில். வெயிலும் இல்லையென்றால் இன்ஜினியர். 'தப்பு என்னுது' என்ற வார்த்தையை அந்த வாயிலிருந்து நான் ஒருநாளும் கேட்டதில்லை. கோபமெல்லாம் பறந்துவிட்டது என்று சொன்னால் பொய், பாதி போயிற்று.

முதலாளியம்மா நாற்காலியில் உட்கார்ந்தார். "பாத்தின்னா?" என்று கேட்டார். வீட்டுக்காரர் விரலால் காற்றில் நீளவாக்கிலும் குறுக்கிலும் கோடு போட்டுக் காட்டினார். காபி போடுகிற பெண் தாங்கமாட்டாமல் வெளியே ஓடினாள். முதலாளியம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினார். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு, வருத்தமாகவே சொன்னார்:

"எல்லாம் சரிம்மா. ஆனா நான் இதைக் கடையில வைக்க முடியாதே. உன் கையும் இப்படி இருக்கு."

இப்போது என் நாக்கு எழுந்தது.

"கைதாம்மா கட்டுல இருக்கு, வாய் நல்லாத்தான் இருக்கு. நேத்து ரொட்டி இங்க மிச்சம் இருக்கும், டின் அடியில உடைஞ்ச பிஸ்கட் இருக்கும். இப்பவே, இங்கேயே, இவரை வச்சுச் செஞ்சு காட்டுறேன். பேக்கரிக்காரர் வந்தா உக்காந்து ஒரு காபி குடிக்கட்டும். அவருக்கும் ஒரு துண்டு குடுங்க. அதுக்கப்புறம் நீங்க என்ன சொன்னாலும் சரி."

முதலாளியம்மா என்னைப் பார்த்தார், அவரைப் பார்த்தார், கடிகாரத்தைப் பார்த்தார்.

"குழாய் பக்கம் மட்டும் இவரை விடாதே," என்றார்.

நான் குழாயை மறைத்துக்கொண்டு நின்று வேலை வாங்கினேன். அவர் கை இந்தத் தடவை பறந்தது. அரைக்கல், முழுக்கல், க்ரீம், ஜல்லி. முதலாளியம்மா அருகில் வந்து, "ஏன் அதை வெட்டுறார்?" என்று கேட்டார். "ஜாயின்ட் மேல ஜாயின்ட் வரக் கூடாதும்மா," என்றேன் நான், பிறந்ததிலிருந்து தெரிந்த மாதிரி. ஓவனிலிருந்து எடுத்து ஆறவைத்தபோது மேலே லேசாக ஒரு வெடிப்பு விட்டது. வீட்டுக்காரர் அதையே பார்த்துக்கொண்டிருந்தார். பாவம், கையைப் பின்னால் கட்டிக்கொண்டு கஷ்டப்பட்டு நின்றார்.

பேக்கரிக்காரர் தனக்கு வைத்த துண்டை முழுவதும் தின்றுவிட்டு, இன்னொரு ஸ்பூன் இருக்குமா என்று கேட்டார். தான் கொண்டுவந்த சாம்பிள் பெட்டியைத் திறக்காமலேயே எடுத்துக்கொண்டு போனார். முதலாளியம்மா ஆணியிலிருந்த ஏப்ரனை எடுத்து, எனக்குக் கை வராது என்று அவரே பின்னால் முடிச்சுப் போட்டுவிட்டார். "உன் கை கூடுற வரைக்கும் நான்தான் உனக்குச் சித்தாள். போய் முதல் தட்டை நீயே வச்சிட்டு வா," என்றார்.

ஜன்னலோர மேசையில் ஒருவர் தினமும் பேப்பர் படித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார். நான் துடைத்துக்கொண்டு வரும்போது இரண்டு காலையும் தூக்கிக்கொள்வார். பேப்பரிலிருந்து கண்ணை எடுக்கமாட்டார். அவருடைய செருப்பின் அடியில் எந்தப் பக்கம் தேய்ந்திருக்கிறது என்பதுகூட எனக்குத் தெரியும். அன்று நான் இடது கையில் தட்டோடு பக்கத்தில் போய் நின்றதும், பழக்க தோஷத்தில் காலைத் தூக்கிக்கொண்டார். கொஞ்ச நேரம் அப்படியே இருந்தார். மாப் வரவில்லை. தட்டை மேசையில் வைத்தேன்.

அவர் பேப்பரை இறக்கி என்னை நிமிர்ந்து பார்த்தார்.

"புதுசா வந்திருக்கீங்களாம்மா?" என்று கேட்டார்.

"ஆமாங்க," என்றேன். "இன்னைக்குத்தான்."